காதல் படம் ஓடாவிட்டால் கடைக்காரருக்கு என்ன?

வணிகர் பத்திரிகையில் சினிமாக் கட்டுரையா என்று பக்கத்தைப் புரட்டிவிட வேண்டாம். இது நடிகர், நடிகையரைப் பற்றியது அன்று, சரக்கைப் பற்றியது. திரைப்படமும் ஒரு சரக்குதான். அதற்கும் உற்பத்தியாளர், மொத்த வியாபாரி, சில்லறை வியாபாரி என்று மூன்று படிகள் உண்டு. அந்தச் சரக்கை ஒருவன் திருடி ஊருக்கெல்லாம் இலவசமாக வாரி இறைக்கும்போது யார் யாருக்கு அடி விழுகிறது, மளிகை, டீ, செல்போன் கடை வைத்திருக்கும் நமக்கு அதில் என்ன பங்கு, என்ன ஆபத்து என்பதை விளக்கவே இதை எழுதுகிறேன்.

நான் பனமலையில் மளிகைக் கடை வைத்திருப்பவன். குன்றின் மேல் ராஜசிம்ம பல்லவன் கட்டிய தாளகிரீசுவரர் கோயிலையும், அதில் எஞ்சியிருக்கும் உமையவள் ஓவியத்தையும் பார்க்க வருகிறவர்களைத் தவிர, வெளியூர்க் கூட்டம் அதிகம் வராத ஊர் இது. சினிமா என்றால் எங்கள் பக்கத்து மக்கள் செஞ்சிக்கோ விழுப்புரத்துக்கோ பஸ் ஏறுவார்கள். அப்படிப் போனவர்கள் படத்தை மட்டும் பார்த்துவிட்டுத் திரும்பியதில்லை. ஜவுளி எடுத்தார்கள், பாத்திரம் வாங்கினார்கள், ஓட்டலில் சாப்பிட்டார்கள். தியேட்டர் கேண்டீனுக்கு முறுக்கும் கடலை மிட்டாயும் சோடாவும் போட்டவர்கள் நம்மைப் போன்ற வியாபாரிகளே. போஸ்டர் ஒட்டும் பசைக்கு மைதா மாவு போனதே தனிக் கணக்கு. 'படம் மாறினால் மைதா, படம் ஓடினால் முறுக்கு' என்று நாங்கள் வேடிக்கையாகச் சொல்லிக்கொள்வது உண்டு.

முறுக்கு விற்க வேண்டுமானால் படம் ஓட வேண்டும். ஓடுவது என்றால் ஒரே நாளில் நிரம்பி வழிவது அல்ல. நாள் கணக்கில், வாரக் கணக்கில் ஓட வேண்டும். அப்படி ஓடியவற்றில் பெரும் பகுதி காதல் படங்கள் என்பது வியாபாரிகள் அறிந்ததே.

காதல் படத்துக்கு வேண்டியது நாள்

திரைப்பட வியாபாரத்தில் தமிழ்நாட்டைப் பல ஏரியாக்களாகப் பிரித்து விற்பார்கள். வட ஆற்காடு, தென் ஆற்காடு, செங்கல்பட்டு மூன்றும் சேர்ந்தது என்.எஸ்.சி. ஏரியா. மாவட்டங்கள் எத்தனையோ முறை பிரிந்தாலும், பெயர் மாறினாலும் சினிமாக்காரர் கணக்கில் செஞ்சி என்.எஸ்.சி.யைச் சேர்ந்ததுதான். ஏரியாவுக்குள் ஏ, பி, சி என்று சென்டர்கள். ஃபிலிம் சுருள் இருந்த காலத்தில் ஒரு பிரதி எடுப்பதற்கே பெரும் தொகை செலவாகும். ஆகவே குறைந்த பிரதிகளைப் போட்டு, முதலில் பெரிய ஊர்களில் ஓட்டி, அங்கே ஓய்ந்த பிறகு அதே பெட்டியை அடுத்த ஊருக்கு அனுப்புவார்கள். கடைசியில் அது டூரிங் கொட்டகைக்கு வந்து சேரும்போது படத்தில் மழை பெய்யும். ஆனாலும் கூட்டம் வரும். ஏனென்றால் படம் நன்றாக இருக்கிறது என்ற பேச்சு பெட்டிக்கு முன்பே ஊருக்குள் வந்திருக்கும்.

சண்டைப் படத்துக்கும் பெரிய நடிகர் படத்துக்கும் முதல் மூன்று நாள் கூட்டம் தானாக வரும். காதல் படத்துக்கு, அதிலும் புதுமுகங்கள் நடித்த காதல் படத்துக்கு, அந்த வசதி கிடையாது. பார்த்தவர் சொல்லி அடுத்தவர் வர வேண்டும். 1980-ல் வந்த 'ஒருதலை ராகம்' அப்படித்தான் மெல்லப் பிடித்து, பிறகு மாதக் கணக்கில் ஓடியது. பாலாவின் முதல் படமான 'சேது' 1999 டிசம்பரில் வெளிவந்தது. அதற்கு முன் வாங்க ஆள் இல்லாமல் நெடுநாள் பெட்டிக்குள் கிடந்த படம் அது. மிகச் சில காட்சிகளோடு தொடங்கி, வாய்ப்பேச்சாலேயே வளர்ந்து நூறு நாள் கண்டது. 2004-ல் வந்த பாலாஜி சக்திவேலின் 'காதல்' படத்திலும் கூட்டத்தைக் கூட்டியது கதைதான், நட்சத்திரம் அல்ல.

நம் கடை பாஷையில் சொன்னால், பெரிய நடிகர் படம் பண்டிகைச் சரக்கு. வந்த அன்றே விற்றுவிடும். காதல் படம் புது பிராண்டு டீத்தூள் மாதிரி. ஒரு வீட்டில் வாங்கிப் போட்டுப் பார்த்து, பக்கத்து வீட்டுக்குச் சொல்லி, மூன்றாம் வாரத்தில்தான் சூடு பிடிக்கும். அந்த மூன்றாம் வாரத்தைத்தான் இணையத் திருட்டு தின்றுவிடுகிறது. முதல் நாள் இரவே படம் செல்போனுக்கு வந்துவிட்டால், 'நல்லா இருக்குதாமே' என்ற பேச்சு கேட்டவர் பஸ் ஏறுவதில்லை, போனைத் திறக்கிறார். அதாவது படத்தை வளர்க்க வேண்டிய வாய்ப்பேச்சே திருட்டுப் பிரதிக்கு விளம்பரமாகிவிடுகிறது. எல்லா வகைப் படங்களையும் திருடுகிறார்கள். ஆனால் மெல்ல ஓட வேண்டிய படத்துக்குத்தான் காயம் ஆழம் என்பது என் கணிப்பு.

திருட்டுச் சரக்கு நம் கடை வழியாக வந்த காலம்

இதில் நாம் ஒரு உண்மையை ஒப்புக்கொள்ள வேண்டும். இணையம் வருவதற்கு முன் திருட்டுப் பிரதி நம் கடைகள் வழியாகத்தான் போயிற்று.

எண்பதுகளில் ஊருக்கு ஊர் பாட்டுப் பதிவுக் கடை இருந்தது. காலி காசெட்டும் ஒரு பட்டியலும் கொடுத்தால், மூன்று நாளில் இளையராஜா பாட்டெல்லாம் பதிந்து கையெழுத்து அட்டையோடு கொடுப்பார்கள். காதல் பாட்டுக்குத்தான் கிராக்கி. அது குற்றம் என்று கொடுத்தவரும் நினைக்கவில்லை, வாங்கியவரும் நினைக்கவில்லை. வட இந்தியாவில் குல்ஷன் குமாரின் டி-சீரிஸ் நிறுவனம் மலிவு விலைக் காசெட்டுகளை மளிகைக் கடை, வெற்றிலை பாக்குக் கடை வரைக்கும் கொண்டுபோய்த் தொங்கவிட்டு இசை வியாபாரத்தையே புரட்டிப் போட்டது. பழைய பாட்டுகளை வேறு பாடகரை வைத்துப் பாடவைத்து விற்க, பதிப்புரிமைச் சட்டத்திலிருந்த ஒரு வழியை அது பயன்படுத்திக்கொண்டது. 1990-ல் வந்த 'ஆஷிகி' என்ற காதல் படத்தின் பாட்டுக் காசெட்டுகள் நாடெங்கும் பெட்டி பெட்டியாக விற்றதும் அந்த விற்பனை வலையால்தான்.

அடுத்து வீடியோ காசெட். திருவிழாவுக்கும் கல்யாணத்துக்கும் டெக் வாடகை. அப்புறம் கேபிள் டி.வி.யில் இரவோடு இரவாகப் புதுப்படம். தொண்ணூறுகளின் இறுதியில் வி.சி.டி. வந்தது; சென்னை பர்மா பஜாரிலிருந்து மாவட்டமெல்லாம் பரவியது. பெட்டி வர மூன்று மாதம், வட்டு வர மூன்று நாள் என்றால் சி சென்டர் ரசிகன் எதை வாங்குவான்? திருட்டு வளர்ந்ததற்குத் திருடன் மட்டும் காரணமல்ல. கிராமத்தானைக் கடைசி வரிசையில் நிறுத்திய அந்த விற்பனை முறையும் ஒரு காரணம்.

வட்டுக்குப் பிறகு மெமரி கார்டு. இதுதான் நம் செல்போன் கடைக்காரர்கள் பலர் நேரடியாக இறங்கிய வியாபாரம். கம்ப்யூட்டரில் படமும் பாட்டும் வைத்துக்கொண்டு, இரண்டு ஜி.பி. கார்டு நிறைய ஏற்றிக் கொடுக்கச் சில்லறைக் காசு. ரீசார்ஜில் நிற்காத லாபம் அதில் நின்றது. 2016 செப்டம்பரில் ஜியோ இலவச டேட்டாவோடு இறங்கியது. அதற்கப்புறம் ஓரிரு வருடத்தில் கார்டு ஏற்றும் தொழில் சொல்லாமல் கொள்ளாமல் படுத்துவிட்டது. அன்னியூர்ப் பக்கம் செல்போன் கடை வைத்திருக்கும் தம்பி ஒருவரிடம் கேட்டேன்.

"இப்ப யாருண்ணா கார்டு ஏத்த வர்றாங்க? டெலிகிராம்ல அவங்களே எடுத்துக்கறாங்க. நமக்கு டெம்பர் கிளாஸ் ஒட்டுறதுதான்" என்றார்.

காசெட்டிலும் வட்டிலும் கார்டிலும் திருட்டுக்கு ஒரு கடைக்காரர் தேவைப்பட்டார். இணையத் திருட்டுக்கு நாம் தேவையே இல்லை. தியேட்டர் போயிற்று, முறுக்கு போயிற்று, ஒழுங்காக உரிமம் பெற்று காசெட், வட்டு வாடகைக்கு விட்டவர்களும் கடையைக் காலி செய்தார்கள். அந்தப் பணம் எங்கோ முகம் தெரியாதவனுக்கு, பெரும்பாலும் சூதாட்ட விளம்பரங்கள் வழியாகப் போய்ச் சேருகிறது.

வலைத்தளம் எப்படி நடக்கிறது

வேலை மூன்று கட்டம். ஒருவன் தியேட்டரில் உட்கார்ந்து செல்போனில் படம் பிடிக்கிறான், அல்லது படம் கைமாறும் இடத்திலிருந்து நல்ல பிரதியை உருவுகிறான். இன்னொருவன் அதை இணையத்தில் ஏற்றுகிறான். மூன்றாமவன் வலைத்தளம் நடத்தி விளம்பரக் காசை வசூலிக்கிறான். இவர்கள் மூவரும் ஒரே ஊரில், ஏன் ஒரே நாட்டில்கூட இருக்க வேண்டியதில்லை. 2024 ஜூலையில் 'ராயன்' படத்தைத் திருவனந்தபுரம் தியேட்டர் ஒன்றில் படம் பிடித்துக்கொண்டிருந்தபோது பிடிபட்டவர் மதுரைக்காரர். தமிழ் ராக்கர்ஸ் என்ற தளம் 2011 வாக்கில் தலைகாட்டி, 2018-ல் கேரளப் போலீசார் சிலரைக் கைது செய்த பிறகும் பெயர் முனையை மாற்றி மாற்றி ஓடி, 2020-ல்தான் நின்றது. அதன் இடத்தைப் பிடிக்க அடுத்த நாளே ஆள் இருந்தது.

இப்போது தியேட்டர்களில் ஓடும் டிஜிட்டல் படத்தில் கண்ணுக்குத் தெரியாத குறியீடு ஒன்று பதிந்திருக்கும். திருட்டுப் பிரதியை ஆராய்ந்தால் எந்த ஊர், எந்த அரங்கு, எந்த நேரக் காட்சி என்று சொல்லிவிடும். ஆகவே தியேட்டர்காரர் 'எனக்குத் தெரியாது' என்று கைவிரிக்க முடியாது. ஆனால் சில வாரத்தில் ஓ.டி.டி. தளத்தில் படம் வந்தவுடன் எடுக்கப்படும் சுத்தமான பிரதிக்கு எந்தத் தியேட்டரையும் குற்றம் சொல்ல முடியாதே.

நீதிமன்றம் வழியாகத் தடுக்கும் முயற்சியும் ஒரு காதல் படத்தை ஒட்டித்தான் நம் மாநிலத்தில் பெரிதாகப் பேசப்பட்டது. 2012 மார்ச்சில் தனுஷ் நடித்த '3' படம் வெளிவந்தபோது, தயாரிப்பு நிறுவனம் சென்னை உயர் நீதிமன்றத்தில் முகம் தெரியாதவர்களுக்கு எதிராகத் தடை உத்தரவு பெற்றது. பெயர் தெரியாத பிரதிவாதிக்கு வெளிநாட்டில் 'ஜான் டோ' என்று பெயர். நம் நாட்டு வழக்குகளில் 'அசோக் குமார்' என்று போடுவார்கள். எத்தனை அசோக் குமார்கள் இதைப் படித்துவிட்டுச் சங்கடப்பட்டார்களோ தெரியாது! அந்த உத்தரவை வைத்து இணைய நிறுவனங்கள் பல தளங்களை முழுதாகவே அடைத்தன. திருட்டுக்குச் சம்பந்தமில்லாதவர்கள் பயன்படுத்திய தளங்களும் அதில் அடங்கின. நாடு முழுவதும் கூச்சல் எழுந்தது. அதே ஆண்டு ஜூனில் நீதிமன்றம், குறிப்பிட்ட திருட்டு முகவரிகளை மட்டும் தடுத்தால் போதும், தளம் முழுவதையும் அல்ல என்று தெளிவுபடுத்தியது. எலிக்காக வீட்டைக் கொளுத்தக் கூடாது என்பது சரிதான். ஆனால் முகவரி முகவரியாக அடைக்கப் போனால் எலிக்கு நூறு வளை இருக்கிறது.

நஷ்டம் உண்மையா?

இ.ஒய். நிறுவனமும் இணைய நிறுவனங்களின் சங்கமும் சேர்ந்து 2024-ல் வெளியிட்ட கணக்கு, 2023-ல் இந்தியாவில் திருட்டுப் பொழுதுபோக்கின் மதிப்பு 22,400 கோடி ரூபாய் என்கிறது. அதில் 13,700 கோடி தியேட்டர் படங்களைச் சேர்ந்தது. இத்தகைய கணக்கை வியாபாரி அப்படியே விழுங்கக் கூடாது. இலவசமாகக் கிடைத்ததால் எடுத்தவன் எல்லாம், இலவசம் இல்லாவிட்டால் டிக்கெட் வாங்கியிருப்பான் என்று சொல்ல முடியாது. கோயில் வாசலில் சுண்டலுக்குக் கை நீட்டுகிறவர் எல்லாரும் சுண்டல் கடைக்கு வருவார்களா?

எதிர் உதாரணமும் இருக்கிறது. 2015 மே மாதம் வந்த 'பிரேமம்' என்ற மலையாளக் காதல் படம் ஓடிக்கொண்டிருக்கும்போதே, தணிக்கைக்குக் கொடுத்த பிரதி இணையத்தில் கசிந்தது. வேலியே பயிரை மேய்ந்த கதையாக, தணிக்கை அலுவலகத்தின் தற்காலிக ஊழியர்கள் கைதானார்கள். ஆனால் அந்தப் படம் சென்னையில் இருநூறு நாளைத் தாண்டி ஓடியது, அதுவும் மொழி மாற்றாமல் மலையாளத்திலேயே. 2025 ஜூலையில் புதுமுகங்கள் நடித்த 'சையாரா' என்ற இந்திக் காதல் படம், திருட்டுப் பிரதி உடனே வந்தும், இளைஞர் கூட்டத்தால் தியேட்டரை நிறைத்தது. 1995-ல் வந்த 'தில்வாலே துல்ஹனியா லே ஜாயேங்கே' வட்டிலும் டி.வி.யிலும் எத்தனை முறை வந்தாலும், மும்பை மராத்தா மந்திரில் கால் நூற்றாண்டுக்கு மேல் பகல் காட்சியாக ஓடியது.

அப்படியானால் திருட்டால் நஷ்டமில்லையா? இந்த உதாரணங்களை நன்றாகப் பாருங்கள். சென்னையும் மும்பையும் பெரிய நகரங்கள். அங்கே தியேட்டருக்குப் போவதே ஒரு பொழுது. ஜோடியாக உட்கார இடம் கிடைக்கிறது, குளிர்சாதனம் இருக்கிறது. திருட்டுப் பிரதி அந்த இருக்கையைத் தர முடியாது. சிறு ஊர்த் தியேட்டரில் அந்தக் கூடுதல் சுகம் குறைவு. படமே சரக்கு. அதை இலவசமாகக் கொடுத்துவிட்டால் அவரிடம் விற்க வேறொன்றும் இல்லை. காதல் படம் சாகவில்லை. சிறு ஊரில் ஓடும் நாட்களைத்தான் இழந்திருக்கிறது. நாமும் சிறு ஊர்க்காரர்கள்தான்.

இன்னொன்றையும் சொல்லாமல் விட முடியாது. நாட்களைக் குறைப்பது திருடன் மட்டுமல்ல. 2018 அக்டோபர் 4 அன்று வந்த '96' நம் காலத்தின் நல்ல காதல் படங்களில் ஒன்று. தியேட்டர்களில் நன்றாக ஓடிக்கொண்டிருந்தபோதே, ஒரு மாதம் கழித்துத் தீபாவளிக்கு டி.வி.யில் போட்டுவிட்டார்கள். வேண்டாம் என்று கதாநாயகி த்ரிஷாவே கேட்டுப் பார்த்தார், நடக்கவில்லை. தமிழ்ப் படங்கள் பெரும்பாலும் நான்கு வாரத்தில் ஓ.டி.டி.க்குப் போகின்றன. இந்திப் படத்துக்கு எட்டு வார இடைவெளி வேண்டும் என்று பெரிய மல்டிபிளெக்ஸ் நிறுவனங்கள் பிடிவாதமாக நிற்கின்றன. தமிழ்நாட்டுத் தியேட்டர் உரிமையாளர்களும் அதைக் கேட்டு வருகிறார்கள். மூன்றாம் வாரத்தில் சூடு பிடிக்கும் சரக்கை நான்காம் வாரத்தில் கடையை விட்டு எடுத்தால் அது என்ன வியாபாரம்?

சரக்கை ஒழுங்காக விற்கப் பார்த்தவர்கள்

1994 ஆகஸ்டில் ராஜ்ஸ்ரீ நிறுவனம் 'ஹம் ஆப்கே ஹைன் கோன்' படத்தை வெளியிட்டபோது வீடியோ உரிமையை யாருக்கும் கொடுக்காமல் கையிலேயே வைத்துக்கொண்டது. ஆரம்பத்தில் குறைந்த தியேட்டர்களில் மட்டும் போட்டு, படிப்படியாக விரித்தது. வீட்டில் டெக் வைத்திருந்த குடும்பங்களும் தியேட்டருக்கு வந்தன. சரக்கை எங்கே, எப்போது விற்பது என்ற கட்டுப்பாடு உற்பத்தியாளர் கையில் இருந்த கடைசிக் காலம் அது எனலாம்.

2007 வாக்கில் மோசர் பேயர் நிறுவனம் வேறு வழியில் போனது. வி.சி.டி. 28 ரூபாய், டி.வி.டி. 34 ரூபாய் என்று, திருட்டு வட்டின் விலைக்கே அசல் வட்டைக் கொண்டுவந்தது. தமிழ்ப் படங்கள் ஏராளம். மளிகைக் கடைகளிலும் அட்டையில் தொங்கின, நானும் விற்றிருக்கிறேன். வாடிக்கையாளர் அசலை வாங்கக் கூச்சப்படவில்லை. விலைதான் அவரைத் திருட்டு வட்டின் பக்கம் தள்ளியிருந்தது என்பது அப்போது விளங்கியது. பிறகு வட்டே வழக்கொழிந்தது. சூரிய மின்சக்தியில் போட்ட முதலீட்டுக் கடனும் சேர்ந்து அழுத்த, 2018-ல் அந்த நிறுவனத்தைக் கலைக்க உத்தரவானது.

இயக்குநர் சேரன் செய்ததுதான் நம் போன்றவர்களை நேரடியாகத் தொட்ட முயற்சி. 'சினிமா டு ஹோம்', சுருக்கமாக சி2எச், என்ற பெயரில் ஊர் ஊராக முகவர்களைப் போட்டு, புதுப்படத்தை 50 ரூபாய் டி.வி.டி.யாக வீட்டுக்கே கொண்டு சேர்ப்பது திட்டம். 2015 மார்ச்சில் தன் 'ஜே.கே. எனும் நண்பனின் வாழ்க்கை' படத்தையே முதல் சரக்காக இறக்கினார். மென்மையான படம், பெரிய நடிகர் இல்லை. தியேட்டர் கிடைக்காமல் தவிக்கும் படங்களுக்கு இது வழி என்று நம்பினார். ஆனால் வட்டு முகவர் கைக்கு வந்த வேகத்திலேயே திருட்டுப் பிரதியும் வந்தது. ஒரு வட்டு போதும், ஆயிரம் ஆகிவிடும். திட்டம் தொடர்ந்து நடக்கவில்லை. எனக்கு இன்றும் வருத்தம் தரும் விஷயம் இது. தமிழ் சினிமா சில்லறை வியாபாரியைத் தேடி வந்த ஒரே தடவை, சரக்கைப் பாதுகாக்க வழி இல்லாமல் போயிற்று. பத்து வருடம் முன்னால் வந்திருந்தால் ஒருவேளை நின்றிருக்கும்.

கடைக்காரர் தெரிந்துகொள்ள வேண்டிய சட்டம்

இதை நம் செல்போன் கடை, டீக்கடை, ஸ்டூடியோ நண்பர்கள் கவனமாகப் படிக்க வேண்டும்.

1957-ம் ஆண்டு பதிப்புரிமைச் சட்டத்தின் 63-ம் பிரிவுப்படி, தெரிந்தே பதிப்புரிமையை மீறினால் ஆறு மாதம் முதல் மூன்று ஆண்டு வரை சிறை, 50,000 ரூபாய் முதல் 2 லட்சம் வரை அபராதம். லாப நோக்கமோ வியாபாரமோ இல்லாமல் செய்தவருக்கு நீதிபதி தக்க காரணம் காட்டித் தண்டனையைக் குறைக்கலாம் என்று ஒரு சலுகை அதில் உண்டு. கடை வைத்து ஏற்றிக் கொடுப்பவருக்கு அந்தச் சலுகை பொருந்தாது. பத்து ரூபாய் வாங்கினாலும் அது வியாபாரம். சப்-இன்ஸ்பெக்டர் பதவியிலோ அதற்கு மேலோ உள்ள காவல் அதிகாரி வாரண்ட் இல்லாமலேயே திருட்டுப் பிரதிகளையும், அவற்றைத் தயாரிக்கப் பயன்பட்ட சாதனத்தையும் கைப்பற்றலாம். அதாவது கடையின் கம்ப்யூட்டரும் போகும், அதிலிருக்கும் உங்கள் கணக்கும் போகும்.

இந்தக் குற்றத்துக்கு ஸ்டேஷனிலேயே ஜாமீன் கிடைக்கும் என்று பலர் நம்பிக்கொண்டிருந்தார்கள். உச்ச நீதிமன்றம் 2022 மே மாதம், 63-ம் பிரிவு வாரண்ட் இல்லாமல் கைது செய்யக்கூடிய, ஜாமீனில் விடத்தகாத குற்றம் என்று தீர்ப்பளித்துவிட்டது. ஜாமீன் கேட்டு நீதிமன்றத்துக்குத்தான் போக வேண்டும்.

தமிழ்நாட்டில் இதற்கும் மேல் ஒன்று உண்டு. 1982-ம் ஆண்டு குண்டர் தடுப்புச் சட்டத்தில் 2004-ல் வீடியோ திருடர்களையும் சேர்த்துவிட்டார்கள். அதன்படி ஓராண்டு வரை தடுப்புக் காவலில் வைக்க முடியும். ஊரே வாங்கிப் பார்த்த வட்டை விற்றவர், சாராயம் காய்ச்சியவர் பட்டியலில் சேர்ந்தது பொருத்தமா என்ற கேள்வி எனக்கு உண்டு. தளம் நடத்தி லட்சக் கணக்கில் சம்பாதிப்பவன் கண்ணுக்குத் தெரிவதில்லை, தெருமுனைக் கடைக்காரர் தெரிகிறார். ஆனாலும் சட்டம் சட்டம்தான்.

2023-ல் திருத்தப்பட்ட சினிமாட்டோகிராப் சட்டம், தியேட்டரில் திருட்டுத்தனமாகப் படம் பிடிப்பதையும், உரிமம் இல்லாத இடத்தில் திருட்டுப் பிரதியை லாபத்துக்காகப் பொதுமக்களுக்குப் போட்டுக் காட்டுவதையும் தனிக் குற்றமாக்கியிருக்கிறது. தண்டனை மூன்று மாதம் முதல் மூன்று ஆண்டு. அபராதம் குறைந்தது 3 லட்சம். மேல் எல்லை படத் தயாரிப்புச் செலவில் 5 சதவீதம். டீக்கடை டி.வி.யில் பென் டிரைவ் போட்டுப் புதுப்படம் ஓட்டி, கூட்டம் கூடினால் டீ விற்கும் என்று நினைப்பவர்கள் இந்த எண்ணை ஒரு முறை பார்த்துக்கொள்வது நல்லது. அந்த ஆண்டு நவம்பரிலேயே மத்திய அரசு இதற்கென அதிகாரிகளை நியமித்து, புகார் வந்த 48 மணி நேரத்துக்குள் திருட்டுத் தளங்களை முடக்க ஏற்பாடு செய்தது.

இந்தக் கட்டுரைக்காகச் சட்டத்தைப் படித்த வாரத்தில்தான் அந்த அன்னியூர்த் தம்பியின் கடைக்கு மறுபடியும் போனேன். அப்போது ஒரு பெரியவர் பென் டிரைவோடு நின்றிருந்தார். வீட்டு டி.வி.யில் போட்டுப் பார்க்க '96' வேண்டுமாம். அவர் மனைவிக்குப் பிடித்த படமாம்.

"அது காசு கட்டுற ஆப்ல இருக்கும், மாமா. இல்லன்னா டி.வி.யில போடும்போது பாத்துக்கங்க. நான் ஏத்தித் தர்றது இல்ல, கேஸ் ஆயிடும்" என்றார் தம்பி.

பெரியவர் முகம் சுருங்கியது. "பத்து ரூபா வாங்கிக்கினு முன்னெல்லாம் தருவியேப்பா" என்றார். தம்பி என்னைப் பார்த்தார். நான் அந்தப் பெரியவருடைய போனை வாங்கி, ஆப் எப்படிப் போடுவது, எவ்வளவு கட்டணம், பேரனுடைய கணக்கிலேயே பார்க்க முடியுமா என்று பத்து நிமிடம் காட்டிக் கொடுத்தேன். பேரன் சென்னையில் ஏற்கெனவே கட்டி வைத்திருந்தான். போகும்போது பெரியவர், டி.வி.க்கும் போனுக்கும் இணைப்புக் கொடுக்கும் ஒயர் ஒன்றை அந்தக் கடையிலேயே விலை பேசி வாங்கிக்கொண்டு போனார்.